நண்பர்களோடு ஆட்டத்தில் சேர முடியவில்லையா? முதலில் தடை எங்கே என்று பாருங்கள்

காலாண்டுத் தேர்வு விடுமுறை வந்துவிட்டால் எங்கள் வீட்டுப் பிள்ளைகள் நான்கு திசைகளிலிருந்து ஒரே ஆட்டத்துக்குள் கூடுவார்கள். தம்பி தக்கலையில், பெரியம்மா மகன் சார்ஜாவில், மாமா மகள் கோயம்புத்தூர் விடுதியில், இன்னொருவன் குலசேகரத்துக்கு அப்பால் ரப்பர் தோட்டங்களுக்கு நடுவில். பொங்கலுக்கோ கிறிஸ்துமஸுக்கோ கூட ஒன்றாகப் பார்க்க முடியாத இவர்கள், இரவு எட்டு மணிக்கு ஒருவர் குரலை ஒருவர் கேட்டுக்கொண்டு விளையாடுவது எனக்கு மிகவும் பிடித்த காட்சி.

ஆனால் மூன்று பேர் உள்ளே போய்விட, ஒருவர் மட்டும் வெளியே நிற்பது அடிக்கடி நடக்கும். நிற்பவர் பதற்றத்தில் ஆட்டத்தை நீக்கிவிட்டு மறுபடியும் பதிவிறக்குவார். போன ஆண்டு என் தம்பி ஒரே மாலையில் மூன்று முறை அப்படிச் செய்தான். அன்றைய டேட்டா முழுவதும் தீர்ந்தது. தடை இருந்த இடத்திலேயே இருந்தது. ஏனென்றால் அது அவனுடைய மொபைலில் இல்லவே இல்லை. மற்றவர்கள் வந்து சேர்வதற்காக ஆட்டத்துக்குள் அறையைத் திறந்தவனுடைய வீட்டு மோடத்தில் (இணைய இணைப்புப் பெட்டியில்) இருந்தது.

ஆகவே எதையும் நீக்காமல், எந்த அமைப்பையும் மாற்றாமல், தடை எந்த இடத்தில் இருக்கிறது என்பதை முதலில் கண்டுபிடிக்க வேண்டும். அதற்கான வழியை, இப்போதுதான் விளையாடத் தொடங்கியவர்களுக்கும் அவர்களுடைய பெற்றோருக்கும் புரியும்படி எழுதுகிறேன்.

கை வைப்பதற்கு முன் ஐந்து நிமிடம்

திரையில் வரும் பிழைச் செய்தியைப் படம் பிடித்துக்கொள்ளுங்கள். "ஏதோ எரர் வருகிறது" என்று சொன்னால் உலகத்தில் எவராலும் உதவ முடியாது. அந்த ஆங்கில வரியும், அதன் அருகில் இருக்கும் எண்ணும் அப்படியே வேண்டும்.

அடுத்து, யாரால் யாரோடு சேர முடியவில்லை என்று கேளுங்கள். யாராலுமே சேர முடியவில்லை என்றால் ஆட்டத்தின் சர்வரிலோ (ஆட்டத்தை நடத்தும் நிறுவனத்தின் கணினியிலோ), அறையைத் திறந்தவரிடமோ கோளாறு. ஒருவரால் மட்டும் எவரோடும் சேர முடியவில்லை என்றால் அவருடைய கருவி, இணைப்பு, கணக்கு ஆகிய மூன்றில் ஒன்று. முன்பின் தெரியாதவர்களோடு விளையாட முடிகிறது, இந்த ஒரு நண்பரோடு மட்டும் முடியவில்லை என்றால், இருவருக்கும் இடையே ஏதோ ஒன்று பொருந்தவில்லை: பதிப்பு, சர்வர் மண்டலம், அல்லது இருவர் வீட்டு ரவுட்டர்கள் (வைஃபை தரும் பெட்டிகள்).

பிறகு இரண்டு சோதனைகள். முதலாவது, அறையைத் திறப்பவரை மாற்றுங்கள். இதுவரை தம்பி திறந்து அண்ணன் சேர முயன்றிருந்தால், இப்போது அண்ணன் திறக்கட்டும். இரண்டாவது, சேர முடியாதவர் வைஃபையை அணைத்துவிட்டு மொபைல் டேட்டாவில் முயலட்டும். டேட்டாவில் இருப்பவர் வைஃபைக்கு மாறட்டும். முதல் சோதனையில் சரியானால், முன்பு அறை திறந்தவரின் இணைப்பைச் சந்தேகப்படலாம். இரண்டாவதில் சரியானால், எந்த இணைப்பில் கோளாறு என்பது கையிலேயே கிடைத்துவிட்டது. இந்த இரண்டையும் செய்யாமல் வேறு எதையும் தொட வேண்டாம் என்று வருகிற எல்லாரிடமும் சொல்கிறேன்.

இருவரும் விளையாடுவது ஒரே ஆட்டம்தானா?

கேள்வி வேடிக்கையாகத் தோன்றலாம். ஆனால் வளைகுடாவில் உறவினர் இல்லாத வீடு குறைவான நம் கன்னியாகுமரி மாவட்டத்தில், நான் அதிகம் பார்த்த தடை இதுதான்.

பப்ஜி மொபைல் 2020 செப்டம்பரில் இந்தியாவில் தடை செய்யப்பட்டது. 2021 ஜூலையில் இந்தியாவுக்கென்றே பிஜிஎம்ஐ வந்தது. வரைபடம், துப்பாக்கி, நடை எல்லாம் ஒன்றுபோல இருக்கும். ஆனால் இரண்டும் வேறு வேறு செயலிகள், சர்வர்களும் வேறு. சார்ஜாவில் அண்ணன் பப்ஜி மொபைலிலும் நாகர்கோவிலில் தம்பி பிஜிஎம்ஐயிலும் இருந்தால், ஐடி எண்ணை எத்தனை முறை தேடினாலும் ஒருவருக்கொருவர் அகப்பட மாட்டார்கள். இதற்கு அமைப்புகளில் மருந்து கிடையாது. தெரியாத இணையதளத்திலிருந்து தடைசெய்யப்பட்ட செயலியை இறக்கி விபிஎன் (நம் இணைப்பை வேறோர் இடத்திலிருந்து வருவதுபோல் காட்டும் செயலி) போட்டு விளையாடும் யோசனையை யாராவது சொன்னால் கேட்காதீர்கள். அப்படி வருகிற கோப்போடு வேறு என்னென்ன வரும் என்று சொல்ல முடியாது. இரு நாட்டிலும் முறையாகக் கிடைக்கிற வேறொரு ஆட்டத்தைத் தேர்ந்தெடுப்பதே நல்லது.

மைன்கிராஃப்ட்டில் சிக்கல் வேறு மாதிரி. அதில் ஜாவா, பெட்ராக் என்று இரண்டு பதிப்புகள் உண்டு. ஜாவா கணினிக்கு மட்டும். பெட்ராக் மொபைல், டேப்லெட், எக்ஸ்பாக்ஸ், பிளேஸ்டேஷன், நின்டெண்டோ ஸ்விட்ச், விண்டோஸ் கணினி எல்லாவற்றிலும் ஓடும். ஜாவாக்காரரும் பெட்ராக்காரரும் சாதாரணமாக ஒரே உலகத்தில் நுழைய முடியாது. 2022 ஜூன் முதல் விண்டோஸ் கணினிக்கு இரண்டு பதிப்புகளும் சேர்த்தே விற்கப்படுகின்றன. ஆகவே கணினியில் இருப்பவர் லாஞ்சரில் (ஆட்டத்தைத் திறக்கும் செயலியில்) பெட்ராக்கைத் திறந்தால் மொபைலில் இருக்கும் தங்கையோடு சேர்ந்துவிடலாம். புதிதாக எதையும் வாங்க வேண்டியதில்லை.

பதிப்பு எண்ணும் பொருந்த வேண்டும். "அவுட்டேட்டட் கிளையன்ட்" என்று வந்தால் உங்களிடம் இருப்பது பழையது. "அவுட்டேட்டட் சர்வர்" என்று வந்தால் அறை திறந்தவரிடம் இருப்பது பழையது. பிளே ஸ்டோரில் புதுப்பிப்பு எல்லாருக்கும் ஒரே நேரத்தில் வருவதில்லை. சிலருக்கு இன்று, சிலருக்கு நாளை வரும். நேற்று வரை ஒன்றாக விளையாடியவர்கள் இன்று திடீரென்று பிரிந்து நின்றால் முதலில் பார்க்க வேண்டியது இது. ஜாவா பதிப்பில் லாஞ்சரிலேயே பழைய எண்ணைத் தேர்ந்தெடுத்து ஓட்ட முடியும் என்பதால், எல்லாரும் ஓர் எண்ணுக்கு ஒத்துக்கொண்டால் போதும். மாட் (ஆட்டத்தை மாற்றும் கூடுதல் கோப்பு) போட்டு விளையாடுகிறவர்கள் அதே மாட், அதே எண், அதே லோடர் (மாட்டை ஓட்டும் மென்பொருள்) என்று ஒவ்வொன்றாகச் சரிபார்க்க வேண்டும்.

மொபைல், கணினி, கன்சோல் என்று கருவிகள் வேறுபட்டால், அந்த ஆட்டத்தில் கிராஸ்பிளே (வேறு வேறு கருவிகளில் இருப்பவர்கள் சேர்ந்து விளையாடும் வசதி) உண்டா என்று பாருங்கள். ஃபோர்ட்நைட், ராக்கெட் லீக், அமாங் அஸ் ஆகியவற்றில் உண்டு. கன்சோலில் அதை அணைத்து வைத்திருந்தால் நண்பர் உள்ளே வர முடியாது.

சர்வர் மண்டலமும் தூரமும்

பல ஆட்டங்கள் உலகத்தை ஆசியா, ஐரோப்பா என்று மண்டலங்களாகப் பிரித்து வைத்திருக்கின்றன. நீங்கள் ஒன்றிலும் நண்பர் மற்றொன்றிலும் இருந்தால் அறை எண் சரியாகவே இருந்தாலும் "அறை இல்லை" என்று வரலாம்.

எந்த மண்டலத்தைத் தேர்ந்தெடுப்பது? கண்ணாடி இழையில் ஒளி நொடிக்குச் சுமார் 2 லட்சம் கிலோமீட்டர் போகும். போய்த் திரும்பும் கணக்கில் 100 கிலோமீட்டருக்கு 1 மில்லிநொடி. நாகர்கோவிலிலிருந்து மும்பை நேர்கோட்டில் சுமார் 1,300 கிலோமீட்டர் என்பதால் 13 மில்லிநொடிக்குக் கீழே பிங் (செய்தி போய்த் திரும்பும் நேரம்) வரவே முடியாது. கேபிள் வளைந்து வளைந்து போவதாலும் வழியில் பல ரவுட்டர்கள் இருப்பதாலும் அதைப்போல இரண்டு, மூன்று மடங்கு ஆவது இயல்பு. சிங்கப்பூர் நமக்குச் சுமார் 3,000 கிலோமீட்டர். சார்ஜாவுக்கும் மும்பைக்கும் இடையே 1,900 அளவில் வரும். அதனால் இங்கே ஒருவரும் அமீரகத்தில் ஒருவரும் விளையாடும்போது, ஆட்டம் அனுமதித்தால் மும்பை சர்வரையே நான் முதலில் முயன்று பார்ப்பேன். அமீரகம் நமக்கு ஒன்றரை மணி நேரம் பின்னே, சவூதி இரண்டரை மணி நேரம் பின்னே என்பதையும் நினைவில் வையுங்கள். "எட்டு மணிக்கு வா" என்றால் யாருடைய எட்டு மணி என்று சொல்லிவிடுங்கள்.

கணக்கு, வயது, அனுமதி

அழைப்பு அனுப்பினாலும் போய்ச் சேரவில்லை என்றால் கணக்கின் தனியுரிமைப் பகுதியைப் பாருங்கள். யார் அழைக்கலாம், யார் நண்பராகலாம் என்ற கேள்விகளுக்கு "எவரும் வேண்டாம்" என்று பதில் பதிந்திருக்கலாம். மைன்கிராஃப்ட் பெட்ராக் மைக்ரோசாஃப்ட் கணக்கில் ஓடுகிறது. பிள்ளையின் வயதைச் சரியாகக் கொடுத்துத் திறந்த கணக்கு என்றால், மற்றவர்களோடு விளையாடும் உரிமையைப் பெற்றோர் தங்கள் கணக்கிலிருந்து கொடுக்க வேண்டும். அது கொடுக்கப்படாதவரை, பிள்ளையின் மொபைலில் எந்தப் பொத்தானை அழுத்தினாலும் பயன் இல்லை. இதைத் தாண்டுவதற்காகப் பொய்யான வயதில் புதிய கணக்கு திறக்காதீர்கள். பெற்றோர் ஒருமுறை பத்து நிமிடம் உட்கார்ந்தால் முடிகிற வேலை. அந்தப் பத்து நிமிடத்தில், பிள்ளை யாரோடு விளையாடுகிறது என்பதும் தெரிந்துவிடும்.

இடையில் நிறுத்தப்பட்டிருந்த பிஜிஎம்ஐ 2023-இல் மீண்டும் வந்தபோது 18 வயதுக்குக் கீழே உள்ளவர்களுக்கு நாளுக்கு 3 மணி நேரம், மற்றவர்களுக்கு 6 மணி நேரம் என்ற வரம்போடு வந்தது. அப்படிப்பட்ட நேர வரம்பு முடிந்து வெளியேற்றப்பட்டவர், நெட் கோளாறு என்று எண்ணி மோடத்தைத் திட்டிக்கொண்டிருப்பார்.

கருவியில் பார்க்க வேண்டியவை

இதைச் சுருக்கமாகச் சொல்கிறேன். தேதியும் நேரமும் தானியங்கியாக இருக்கட்டும். தவறான நேரம் இருந்தால் உள்நுழைவே தடைப்படும். விபிஎன் இருந்தால் அணையுங்கள். பேட்டரி சேமிப்பை நிறுத்துங்கள். ஐபோனில் "லோக்கல் நெட்வொர்க்" அனுமதி கொடுக்கப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். விண்டோஸில் ஆட்டம் முதன்முறை திறக்கும்போது ஃபயர்வால் கேட்கும் கேள்விக்கு அவசரத்தில் "கேன்சல்" அழுத்தியிருந்தால், ஃபயர்வால் அமைப்புக்குள் போய் அந்த ஆட்டத்தை அனுமதியுங்கள். ஃபயர்வாலையே முழுவதும் அணைக்க வேண்டாம்.

அன்றைய டேட்டா தீர்ந்துபோனதா என்பதையும் பாருங்கள். பல திட்டங்களில் வரம்புக்குப் பிறகு வேகம் 64 கேபிபிஎஸ் ஆகிவிடும். அந்த வேகத்தில் வாட்ஸ்அப் செய்தி போகும். ஆட்டம் "கனெக்டிங்" என்றே நிற்கும். "நெட் இருக்கிறதே" என்று பலர் ஏமாறுவது இதில்தான்.

ஒரே வீட்டில் இருந்தும் சேர முடியவில்லை என்றால்

அண்ணனும் தங்கையும் ஒரே கூடத்தில் உட்கார்ந்துகொண்டு ஒருவர் உலகம் மற்றவருக்குத் தெரியவில்லை என்று சொல்வதைக் கேட்டிருக்கிறேன். இருவரும் ஒரே வைஃபையில்தான் இருக்கிறார்களா என்று பாருங்கள். ஒருவர் மொபைல் டேட்டாவில் இருக்கலாம்; அல்லது விருந்தினருக்கான கெஸ்ட் வைஃபையில் இருக்கலாம். கெஸ்ட் வைஃபையில் கருவிகள் ஒன்றையொன்று பார்க்க முடியாதபடி ரவுட்டர் தடுத்து வைத்திருக்கும். வைஃபை விவரத்தில் ஐபி முகவரியை (வலையில் ஒவ்வொரு கருவிக்கும் தரப்படும் எண்ணை) பாருங்கள். வீட்டு ரவுட்டர்களில் பெரும்பாலும் முதல் மூன்று எண்களும் இருவருக்கும் ஒன்றாக இருக்க வேண்டும், ஒருவருக்கு 192.168.1.5 என்றால் மற்றவருக்கும் 192.168.1 என்றே தொடங்க வேண்டும். வேறாக இருந்தால் வீட்டில் இரண்டு ரவுட்டர்கள் தனித்தனி வலைகளாக ஓடுகின்றன என்று பொருள்.

மோடமும், அதற்கு அப்பால் இருக்கும் மறைவான கதவும்

இதை நிதானமாகப் படியுங்கள். நண்பர் ஒருவரின் கணினியிலோ கன்சோலிலோ அறை திறந்து மற்றவர்கள் நேராக அதில் நுழையும் ஆட்டங்களுக்கு இந்தப் பகுதி மிக முக்கியம். நிறுவனத்தின் சர்வரில் ஓடும் பிஜிஎம்ஐ போன்றவற்றுக்கு இது பெரும்பாலும் தேவைப்படாது.

உங்கள் வீட்டு மோடத்தை ஒரு விடுதியின் வாசலாக எண்ணிக்கொள்ளுங்கள். உள்ளே பல அறைகள். வெளியுலகுக்கு ஒரே முகவரி. உள்ளிருந்து ஒருவர் கடிதம் எழுதினால், பதில் வரும்போது காவலாளி அதை உரிய அறைக்கு அனுப்புவார். ஆனால் யாரும் எதிர்பாராமல் வெளியாள் ஒருவர் வந்து நின்றால் வாசலிலேயே நிறுத்துவார். இந்தக் காவல் வேலைக்குப் பெயர் 'நாட்'. கன்சோல்கள் இதை ஓபன், மாடரேட், ஸ்ட்ரிக்ட் என்று மூன்றாகச் சொல்லும். பிளேஸ்டேஷன் டைப் 1, 2, 3 என்று சொல்லும். ஸ்ட்ரிக்ட் இருக்கும் இருவரால் ஒருவரோடு ஒருவர் நேராகச் சேர முடியாது. ஒருவர் ஓபன் ஆக இருந்தால் சேர்ந்துவிடலாம். அறை திறப்பவரை மாற்றிப் பாருங்கள் என்று தொடக்கத்தில் சொன்னது இதனால்தான்.

இனிச் செய்ய வேண்டியது ஒரு சோதனை. மோடத்தின் அடியில் ஒட்டியிருக்கும் தாளில் 192.168.1.1 போன்ற முகவரியும் கடவுச்சொல்லும் இருக்கும். பிரௌசரில் அதைத் திறந்து, வான் ஐபி (இணைப்பு தரும் நிறுவனம் மோடத்துக்குக் கொடுத்த முகவரி) என்ற எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு கூகுளில் உங்கள் ஐபி என்ன என்று தேடி, அங்கே வரும் ஐபிவி4 எண்ணை (புள்ளிகளால் பிரிந்த நான்கு எண்களாக இருப்பதை) ஒப்பிடுங்கள்.

இரண்டும் ஒன்றாக இருந்தால் நல்ல செய்தி. மோடத்தில் யுபிஎன்பி என்ற அமைப்பை இயக்குங்கள். ஆட்டம் தனக்குத் தேவையான கதவைத் தானே கேட்டுத் திறந்துகொள்ளும். அதற்குப் பிறகும் முடியவில்லை என்றால் போர்ட் ஃபார்வர்டிங் (குறிப்பிட்ட எண்ணுள்ள கதவை ஒரு கருவிக்கென்று நாமே திறந்து வைப்பது) செய்யலாம். அங்கே வகையும் கதவு எண்ணும் கேட்கும்: மைன்கிராஃப்ட் ஜாவா சர்வருக்கு டிசிபி 25565, பெட்ராக் சர்வருக்கு யுடிபி 19132, எக்ஸ்பாக்ஸுக்கு யுடிபி 3074. கணினியின் உள் ஐபியை மோடத்தில் நிலையாக்கிவிட்டே இதைச் செய்யுங்கள். இல்லாவிட்டால் அடுத்த முறை கணினிக்கு வேறு எண் கிடைத்து, திறந்த கதவு வேறு கருவிக்குப் போய்விடும். சரியானதா என்று வெளியூர் நண்பரைக் கொண்டே சோதியுங்கள். உங்கள் வைஃபைக்குள்ளிருந்து வெளி முகவரியைத் தட்டினால், எல்லாம் சரியாக இருந்தும் பல மோடங்களில் திறக்காது. டிஎம்இசட் என்ற அமைப்பை மட்டும் தொடாதீர்கள். அது காவலாளியை வீட்டுக்கு அனுப்பிவிட்டு வாசலைத் திறந்து போடுவது.

இரண்டு எண்களும் வேறாக இருந்தால்? வான் ஐபி 100.64 முதல் 100.127 வரையில் தொடங்கினால், நீங்கள் சிஜிநாட் என்ற ஏற்பாட்டுக்குப் பின்னால் இருக்கிறீர்கள். ஐபிவி4 முகவரிகள் பற்றாக்குறையால், இணைப்பு தரும் நிறுவனமே பல வீடுகளை ஒரே முகவரிக்குப் பின்னால் வைத்திருக்கிறது. விடுதியே ஒரு பெரிய வளாகத்துக்குள் இருக்க, அந்த வளாகத்துக்கு இன்னொரு வாசல், இன்னொரு காவலாளி. உங்கள் வாசலை எவ்வளவு திறந்தாலும் வெளி வாசல் திறக்காது. இது தெரியாமல் நான் இரண்டு இரவுகள் போர்ட் எண்களை மாற்றி மாற்றி எழுதிக்கொண்டிருந்தேன். அந்த இரண்டு இரவுகள் வேறு யாருக்கும் வீணாகக் கூடாது என்பதே இந்தக் கட்டுரையை நான் எழுதத் தொடங்கியதற்குக் காரணம். வான் ஐபி 10 என்றோ 192.168 என்றோ தொடங்கினால், நிறுவனத்தின் மோடத்துக்குப் பின்னால் நீங்கள் வாங்கிய ரவுட்டரும் இன்னொரு காவலாளியாக நிற்கக்கூடும். அப்படியானால் உங்கள் ரவுட்டரை அக்சஸ் பாயின்ட் முறைக்கு (காவல் வேலை பார்க்காமல் வைஃபை மட்டும் தரும் முறைக்கு) மாற்றுங்கள்.

சிஜிநாட் என்றால் நான் பரிந்துரைக்கும் வரிசை இது. முதலில், அந்தச் சிக்கல் இல்லாத நண்பர் அறை திறக்கட்டும். யாருமே அப்படி இல்லையென்றால், டெயில்ஸ்கேல் அல்லது ஜீரோடையர் போன்ற செயலியை எல்லாரும் நிறுவி ஒரே வலையில் சேருங்கள். சிறிய நண்பர் குழுவுக்கு அவற்றின் இலவசத் திட்டமே போதும். கணினிகள் எல்லாம் ஒரே வீட்டில் இருப்பதுபோல் ஆகிவிடும். மைன்கிராஃப்ட் மட்டும்தான் என்றால் மாதக் கட்டணம் கட்டி ரியல்ம்ஸ் (மைன்கிராஃப்ட் நிறுவனமே நடத்தித் தரும் தனி சர்வர்) எடுக்கலாம். எடுத்தவரோடு ஒரே நேரத்தில் 10 பேர் வரை விளையாடலாம், ஒருவர் கணினியை அணைத்தாலும் உலகம் திறந்தே இருக்கும். கடைசியாக, இணைப்பு தருபவரிடம் ஸ்டாட்டிக் ஐபி (உங்களுக்கென்றே தரப்படும் மாறாத முகவரி) கேட்கலாம்; அதற்குத் தனிக் கட்டணம் இருக்கும். விடுதி வைஃபையில் இருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: அங்கே ஆட்டங்களுக்கான போர்ட்களை நிர்வாகமே மூடி வைத்திருக்கலாம். அது உங்கள் கருவியின் குறை அல்ல. விளையாடும் நேரத்துக்கு மொபைல் டேட்டாவே வழி.

உங்கள் ஐபி முகவரியை நண்பர்களுக்குத் தனியாக அனுப்புங்கள். பலர் இருக்கும் குழுக்களில் போடாதீர்கள். சேர உதவுகிறேன் என்று சொல்லி ஓடிபி கேட்பவர் யாராக இருந்தாலும் கொடுக்காதீர்கள்.

கேபிள்காரரை அழைக்கும்போது

இழுத்த கம்பிமேல் தென்னை மட்டை விழுவது நம் ஊரில் புதிதல்ல. மோடத்தில் எல்ஓஎஸ் விளக்கு சிவப்பாக எரிந்தால் இழை எங்கோ அறுந்திருக்கிறது அல்லது மடங்கியிருக்கிறது. வீட்டில் எதை மாற்றினாலும் பயன் இல்லை. "நெட் வரவில்லை அண்ணா" என்பதற்குப் பதிலாக, "எல்ஓஎஸ் சிவப்பாக எரிகிறது" என்று சொல்லுங்கள். நெட் வருகிறது, ஆட்டத்தில் மட்டும் சேர முடியவில்லை என்றால், "என் இணைப்பு சிஜிநாட்டில் இருக்கிறதா? ஸ்டாட்டிக் ஐபி கிடைக்குமா, எவ்வளவு ஆகும்?" என்று கேளுங்கள். ஃபோன் எடுப்பவருக்குத் தெரியாவிட்டால், தெரிந்தவரிடம் கேட்டுச் சொல்லச் சொல்லுங்கள்.

மின்சாரம் ஒரு நொடி போய் வந்தாலும் மோடம் எழுந்து நிற்க இரண்டு, மூன்று நிமிடம் ஆகும். அதற்குள் ஆட்டம் உங்களை வெளியேற்றிவிடும். மோடத்துக்கென்றே விற்கும் சிறிய யுபிஎஸ் ஒன்றை வாங்கி வைத்தால் அந்தத் தொல்லை தீரும். தனி ரவுட்டரும் இருந்தால் இரண்டையும் அதில் இணைக்க வேண்டும்.

தென்மேற்குப் பருவமழையும் வடகிழக்குப் பருவமழையும் பெய்கிற மாவட்டம் இது. ஐப்பசி மாலைகளில் இடி முழங்கத் தொடங்கினால் யுபிஎஸ்ஸை நம்பி உட்கார வேண்டாம். மின்னல் கண்ணாடி இழை வழியாக வராது. மின் கம்பி வழியாகவும் லேன் கம்பி வழியாகவும் வரும். மோடத்தின் அடாப்டரைச் சுவரிலிருந்து கழற்றுங்கள், கணினிக்குப் போகும் லேன் கம்பியையும் கழற்றுங்கள். கழற்றுவதற்கு முன் குழுவில் "இடி, பிறகு வருகிறேன்" என்று ஒரு வரி போட்டுவிடுங்கள்.